மதிலுக்கு அப்பால் நின்ற மான்கள்

அர்மான் தாவீது அடிகளாரின் வாழ்க்கை வரலாறு

1900ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 10ஆந் திகதி பாரிஸ் நகரில் எழுபத்து நான்கு வயதுடைய குருவானவர் ஒருவர் இறைவனடி சேர்ந்தார். அர்மான் தாவீது என்பது அவர் பெயர். அதே ஆண்டிலே, பல்லாயிரம் மைல்களுக்கு அப்பால், சீனத் தலைநகராகிய பீக்கிங்கின் தெற்குப் புறத்தில், அவருடைய பெயரைத் தாங்கிய மானினத்தின் சீன மண்ணிலிருந்த கடைசி மந்தை துவக்குச் சூட்டுக்கு இரையாகியது. உலகிற்கு அந்த மானை அறிமுகஞ் செய்தவரும், அந்த மான் வாழ்ந்த மந்தையும் ஒரே ஆண்டில் மறைந்தனர். ஆயினும் மானின் கதை அத்துடன் முடிந்துவிடவில்லை. அது முடியாமற் போனதற்கு இந்த எளிய மறைபரப்பாளரின் உழைப்பும் ஒரு காரணம். அவருடைய வாழ்வை நமது குடும்பங்கள் அறிந்திருப்பது நன்று.

தந்தை காட்டிய வழி

பிரான்ஸ் நாட்டின் தென்மேற்கு மூலையில், ஸ்பெயின் எல்லையை அடுத்து, பிரனீஸ் மலையடிவாரத்தில் எஸ்பலெற் என்றொரு கிராமம் உண்டு. பாஸ்க் மக்கள் வாழும் ஊர் அது. அங்கே 1826ஆம் ஆண்டு செப்டெம்பர் 7ஆந் திகதி அர்மான் பிறந்தார். தந்தையார் ஊரின் வைத்தியர். ஊராட்சித் தலைவர் பதவியையும் வகித்தவர். வைத்தியத் தொழிலோடு இயற்கையை நுணுகி ஆராய்வதிலும் அவருக்குப் பெருவிருப்பம் இருந்தது. மகனுக்குப் பூச்சியினதும் புள்ளினதும் பெயர்களைச் சொல்லிக் கொடுத்தவர் அவரே. மலைச்சாரலில் நெடுந்தூரம் நடப்பதும், கண்டதை உற்று நோக்குவதும், நோக்கியதைக் குறித்து வைப்பதும் சிறு வயதிலேயே அர்மானுக்குப் பழக்கமாயின. பின்னாளில் சீனத்தின் மலைகளையும் பாலைநிலங்களையும் கால்நடையாகக் கடந்த உறுதி இந்தப் பாஸ்க் மலைகளில் உருவானதேயாகும்.

குருவாக வேண்டும் என்ற ஆவலும் கூடவே வளர்ந்தது. 1848இல் அவர் புனித வின்சன்ட் தே போல் நிறுவிய மறைபரப்புக் குருக்கள் சபையிற் சேர்ந்தார். நமது பங்குகளில் ஏழைகளுக்கு உதவும் வின்சன்ட் தே போல் சபை பொதுநிலையினருடையது; இது குருக்களுக்குரிய சபை. இதன் குருக்களை லாசரிஸ்ற் குருக்கள் என்றும் அழைப்பர். சேர்ந்த நாள்முதல் அவர் கேட்டு வந்தது சீன நாட்டு மறைபரப்புப் பணியை. மேலதிகாரிகளோ அவரை இத்தாலியிலுள்ள சவோனா நகருக்கு அனுப்பி, அங்கே சபை நடத்திய கல்லூரியில் இயற்கை விஞ்ஞானம் கற்பிக்கும்படி பணித்தனர். ஏறத்தாழப் பத்து ஆண்டுகள் அவர் அங்கே ஆசிரியராயிருந்தார். நியூகினித் தீவின் உட்பகுதிகளை ஆராய்ந்து பேர்பெற்ற லுயிஜி தல்பேர்த்திஸ் அவரிடம் பாடங்கேட்ட மாணவருள் ஒருவர். சீனத்திற்குப் போகும் அழைப்புக் கிடைக்கும்வரை, கீழ்ப்படிதலோடு தமக்கு இட்ட வேலையை முழு மனதுடன் அவர் செய்து வந்தார்.

பீக்கிங்கில் ஓர் ஆசிரியர்

1860இல் ஐரோப்பிய வல்லரசுகள் போரினாற் சீனாவைப் பணியவைத்துச் செய்துகொண்ட உடன்படிக்கைகள் அந்நாட்டின் உட்பகுதிகளை மறைபரப்பாளருக்குத் திறந்துவிட்டன. 1862இல் தாவீது அடிகளார் பீக்கிங் வந்து சேர்ந்தார். அங்கே ஆயர் மூலி ஆண்டகையின் கீழ், சபை தொடங்கவிருந்த ஆண்பிள்ளைகள் பாடசாலைக்கு விஞ்ஞானம் கற்பிக்கும் பொறுப்பு அவருக்குரியதாயிற்று. பாடத்திற்கு உதவியாகப் பறவைகளையும் விலங்குகளையும் பாடஞ்செய்து அடுக்கி, வட தேவாலய வளவிலே சிறியதொரு நூதனசாலையை அமைத்தார். அவர் அனுப்பிய மாதிரிகள் சில பாரிசிலுள்ள இயற்கை வரலாற்று நூதனசாலைக்குப் போய்ச் சேர்ந்தன. அங்கிருந்த பேராசிரியர்கள் வியந்தனர். இவரைப் பள்ளிக்கூட வேலையிலிருந்து விடுவித்து, சீனத்தின் உட்பகுதிகளில் ஆராய்ச்சிப் பயணஞ் செய்ய அனுமதிக்கும்படி சபையின் அதிபரை வேண்டினர். பிரெஞ்சு அரசாங்கம் செலவுக்குப் பணமளித்தது. சபையும் இசைந்தது.

ஆன்மாக்களைத் தேடிப் போனவர் மானையும் மீனையும் தேடித் திரிவதா என்று கேட்போர் அன்றும் இருந்தனர். தாவீது அடிகளாருக்கோ இவ்விரண்டும் ஒன்றுக்கொன்று முரணாகத் தோன்றவில்லை. படைப்பை அறிவது படைத்தவரின் கைவேலையை அறிவதாகும் என்பது அவரது உறுதியான எண்ணம். தாம் முதலிற் குரு, பின்னரே விஞ்ஞானி என்பதையும் அவர் மறந்தவரல்லர்.

அரசனின் வேட்டைக்காடு

பீக்கிங்கின் தெற்கே நான்ஹாய்சி என்ற பெயருடைய அரச வேட்டைக்காடு இருந்தது. சதுப்பும் புல்வெளியும் நீர்நிலைகளும் நிறைந்த அந்நிலத்தை ஏறத்தாழ 70 கிலோமீற்றர் நீளமான மதில் சூழ்ந்திருந்தது. பல தலைமுறைகளாகச் சக்கரவர்த்திகள் அங்கே வேட்டையாடி வந்தனர். வெளியார் எவரும் உள்ளே கால்வைக்கலாகாது. அங்குள்ள மானைக் கொல்பவனுக்கு மரண தண்டனை. மதில் நெடுகிலும் தார்த்தாரிப் படைவீரர் காவலிருந்தனர்.

உள்ளே விசித்திரமான ஒரு மானினம் உண்டென்று அடிகளார் கேள்விப்பட்டிருந்தார். சீன மக்கள் அதனை நான்கிலும் சேராதது என்ற பொருள்படும் பெயரால் அழைத்தனர். குளம்பு மாட்டைப் போன்றது, ஆனால் மாடன்று; கழுத்து ஒட்டகத்தைப் போன்றது, ஆனால் ஒட்டகமன்று; கொம்பு மானைப் போன்றது, ஆனால் மானன்று; வால் கழுதையைப் போன்றது, ஆனால் கழுதையுமன்று என்பது அவர்கள் கூறிய விளக்கம். 1865ஆம் ஆண்டு இலையுதிர் காலத்தில் ஒரு நாள் அடிகளார் மதிலின்மேல் ஏறி உள்ளே நோக்கினார். தூரத்திலே நூற்றுக்கு மேற்பட்ட மான்கள் மந்தையாக நின்றன. ஏறத்தாழ நமது மரையின் உயரம், நீண்ட முகம், கணுக்காலைத் தொடும் வால், கொம்பின் கிளைகளோ மற்ற மான்களைப் போல முன்னோக்கி வளையாமற் பின்னோக்கி நீண்டிருந்தன. ஐரோப்பிய விஞ்ஞானிகள் எவரும் அதுவரை பதிவு செய்திராத விலங்கு இதுவென்று அவர் உடனே உணர்ந்தார்.

மான் ஒன்றைப் பெற அவர் பலவாறு முயன்றார். கடைசியில் 1866 சனவரி மாதம், காவலருட் சிலருக்குப் பணங்கொடுத்து இரண்டு மான்களின் தோல்களை இரகசியமாகப் பெற்றுப் பாரிசுக்கு அனுப்பினார். பேராசிரியர் மில்ன் எட்வேட்ஸ் அவற்றை ஆராய்ந்து, இது புதிய இனமேயெனக் கண்டு, அடிகளாரின் பெயரைச் சேர்த்து அதற்கு விஞ்ஞானப் பெயர் சூட்டினார். பின்னர் பிரெஞ்சுத் தூதரகத்தாரும் பிற நாட்டாரும் சீன அரசிடம் கேட்டு உயிருள்ள மான்களைப் பெற்றனர். கடற்பயணத்திற் சில மடிந்தன; சில உயிருடன் கரைசேர்ந்தன. இவ்விதமாக ஐரோப்பிய மிருகக்காட்சிச்சாலைகள் சிலவற்றில் சீன மான்கள் குட்டியீனத் தொடங்கின. அந்தச் சிறு தொகைதான் பின்னர் ஓர் இனத்தின் உயிரைக் காக்கப்போகிறது என்று அன்று எவரும் எண்ணியிருக்க முடியாது.

இந்த மான் ஒரு காலத்தில் சீனாவின் கிழக்குச் சமவெளிகளிலெல்லாம் வாழ்ந்தது. அகன்ற குளம்பும் நீந்தும் ஆற்றலும் சேற்றுநிலத்துக்கென்றே அதற்கு அளிக்கப்பட்டவை. மக்கள் பெருகச் சதுப்புகள் வயல்களாயின, வேட்டையும் ஓயவில்லை. திறந்த வெளியில் மந்தைகள் அருகி மறைந்தன. எஞ்சியிருந்தது அரசனின் மதிலுக்குள் அடைபட்ட மந்தை மாத்திரமே.

மலைகளின் நடுவே

1866இல் மொங்கோலியாவிற்கும், 1868 முதல் 1870 வரை யாங்சி நதி வழியாகச் சீனத்தின் மேற்கெல்லை மலைகளுக்கும், 1872 முதல் 1874 வரை சின்லிங் மலைத்தொடருக்கும் தென்கிழக்கு மாகாணங்களுக்கும் அடிகளார் மூன்று பெரும் பயணங்கள் மேற்கொண்டார். முதற் பயணத்தில் வழிகாட்டியாயிருந்தவர் முன்னாளிற் பௌத்த லாமாவாயிருந்து கிறிஸ்தவராகிய சம்தச்சியம்பா. புகழ்பெற்ற ஊக் அடிகளாரோடு திபெத்துக்குப் போய்வந்தவரும் இவரே.

1869ஆம் ஆண்டு பெப்ரவரி இறுதியில் அடிகளார் மூப்பிங் என்னும் மலைநாட்டை அடைந்து, அங்கே பாரிஸ் வெளிநாட்டு மறைபரப்புச் சபையார் நடத்திய குருமடத்திலே தங்கினார். மார்ச் 11ஆந் திகதி அயலிலிருந்த நிலச்சொந்தக்காரர் ஒருவரின் வீட்டிற் கறுப்பும் வெள்ளையுமான ஒரு தோலைக் கண்டார். அத்தகைய கரடியைப் பற்றி எந்த நூலிலும் அவர் படித்ததில்லை. அவ்வூர்க் கிறிஸ்தவ வேட்டைக்காரர் அவருக்காகக் காட்டுக்குப் போயினர். பன்னிரண்டு நாட்களின் பின் குட்டியொன்றைக் கொண்டு வந்தனர். உயிருடன் பிடித்ததைச் சுமப்பதற்கு வசதியாகக் கொன்றுவிட்டிருந்தனர். இன்று உலகெங்கும் குழந்தைகள் பொம்மையாக அணைத்துக்கொள்ளும் பண்டாக் கரடியை வெளியுலகம் அறிந்துகொண்டது இவ்வாறுதான். அதே மலைகளிற் பொன்னிறக் குரங்கையும், வெண்புறாக்கள் கிளையெங்கும் அமர்ந்திருப்பது போல் மலரும் மரமொன்றையும் அவர் கண்டறிந்தார். அம்மரம் அவர் பெயரால் தாவீதியா என வழங்குகிறது.

தம் கண்டுபிடிப்புகளின் தொகையை 1888இல் பாரிசிற் கூடிய கத்தோலிக்க விஞ்ஞானிகளின் மாநாட்டில் அவரே எடுத்துரைத்தார். சீனாவில் தாம் கண்ட பாலூட்டும் விலங்கினங்கள் 200. அவற்றுள் 63 அதுவரை விஞ்ஞானம் அறியாதவை. பறவையினங்கள் 807, அவற்றுள் 65 புதியவை.

துவக்கும் வேதனையும்

அடிகளாரும் துவக்கேந்தியவரே என்பதை மறைக்க வேண்டியதில்லை. நிழற்படக் கருவி காட்டுக்குப் பயன்படாத அக்காலத்தில் ஒரு பறவையை நிச்சயமாக அறிய வேண்டுமாயின் அதைச் சுட்டுத் தோலைப் பதப்படுத்தியே ஆகவேண்டும். தேவைக்கு மேல் கொல்வதை அவர் வெறுத்தார். ஆயினும் அவருடைய பெட்டிகள் இறந்த உயிர்களாலேயே நிறைந்தன.

அப்படிப்பட்ட மனிதரே, நாளடைவில், தாம் காண்பது அழிந்துகொண்டிருக்கும் உலகம் என்று கண்டுகொண்டார். சின்லிங் மலைகளில் ஆண்டு முழுவதும் கோடரிச் சத்தம் கேட்டது. பழைமையான காடுகள் விழுந்தன. அவற்றோடு அங்கு வாழ்ந்த சிறியவும் பெரியவுமான உயிர்கள் வீடிழந்தன. தமது நாட்குறிப்பில் அவர் இதைப்பற்றி மிகுந்த துயரத்தோடு எழுதி வைத்தார். ஒவ்வொன்றும் தன்னளவில் நிறைவானதாக இத்தனை உயிர்களைப் படைத்த இறைவன், தம் படைப்பின் சிகரமாகிய மனிதன் அவற்றை என்றென்றைக்குமாக அழிப்பதற்கென்றா படைத்திருப்பார் என்ற கேள்வி அவர் நெஞ்சை வருத்தியது. மனிதன் தனக்கு உடனே பயன்படும் சில மிருகங்களையும் சில பயிர்களையும் மாத்திரம் வைத்துக்கொண்டு மற்றவற்றை ஒழித்துவிடுவான் என்று அவர் அஞ்சினார். சூழல் பாதுகாப்பு என்ற சொல்லே பிறவாத 1870களில் ஒரு மலைப்பாதையில் எழுதப்பட்ட கவலை இது.

அம்மலைகளிற் காட்டை வெட்டியவர் செல்வந்தர் அல்லர். சமவெளியில் நிலமின்றி, ஒரு பிடி தானியத்துக்காகச் சரிவுகளில் ஏறிய ஏழைக் குடியானவர்களே அங்கு மிகுதி. வழிநெடுக அவர் கூரையின்கீழ் இடமும் உணவும் பெற்றதும் இவர்களிடந்தான்.

1873இல் கடுங்காய்ச்சல் அவரை மரணத்தின் வாசல்வரை கொண்டு சென்றது. அடுத்த ஆண்டு அவர் சீனாவை விட்டு நிரந்தரமாகப் பிரான்ஸ் திரும்பினார். 1877இல் விஞ்ஞானி உஸ்தலேயுடன் இணைந்து சீனப் பறவைகள் பற்றிய பெருநூலை வெளியிட்டார். எஞ்சிய காலத்தைச் சபையின் இளைஞருக்குக் கற்பிப்பதிலும், சேகரிப்புகளை ஒழுங்குபடுத்துவதிலும் அமைதியாகக் கழித்தார்.

மதில் உடைந்தது

1890களின் நடுப்பகுதியில் பீக்கிங்கை அடுத்த யொங்டிங் ஆறு பெருக்கெடுத்தது. வெள்ளம் நான்ஹாய்சி மதிலை உடைத்தது. மான்கள் உடைப்பின் வழியாக வெளியேறின. வெளியே, வெள்ளத்திற் பயிரையும் வீட்டையும் இழந்து பட்டினியாற் துடித்த மக்கள் இருந்தனர். அவர்கள் மான்களைப் பிடித்துத் தின்றனர். 1900இல் பொக்சர் கிளர்ச்சியை அடக்கவென்று வந்த அந்நியப் படைகள் வேட்டைக்காட்டினுட் புகுந்து எஞ்சியவற்றையும் சுட்டு உணவாக்கின. பல தலைமுறையாக மரண தண்டனையாற் காக்கப்பட்ட மந்தை சில ஆண்டுகளில் அழிந்தது.

பசித்த குடியானவனை நாம் குற்றஞ்சாட்ட முடியுமா? அந்த மதில் மானைக் காத்தது மக்களுக்காக அன்று, அரசன் ஒருவனின் வேட்டைக்காக. மதிலுக்கு வெளியே வாழ்ந்தவனுக்கு அந்த மானிற் பங்குமில்லை, அதன்மேற் பாசமுமில்லை. அச்சம் ஒன்றே அவனைத் தடுத்து நின்றது. மதில் விழுந்ததும் அச்சமும் விழுந்தது.

திரும்பி வந்த மந்தை

மானினம் தப்பியது ஐரோப்பாவில். இங்கிலாந்தின் பெட்போட் பிரபு, மிருகக்காட்சிச்சாலைகளிற் சிதறிக்கிடந்த 18 மான்களைத் தமது வூபேர்ண் தோட்டத்திலே ஒன்று சேர்த்தார். முதலாம் உலகப் போரின் உணவுப் பஞ்சத்தில் மந்தை மெலிந்து ஏறத்தாழ ஐம்பதாகக் குறைந்தது. உலகில் அவ்வினத்தில் அவையே மிஞ்சியிருந்தன. மெல்ல மெல்ல மந்தை மீண்டும் பெருகியது. ஒரே இடத்தில் வைத்திருப்பது ஆபத்தென உணர்ந்து, இரண்டாம் உலகப் போரின் பின்னர் வெவ்வேறு நாடுகளுக்கு மான்களைப் பகிர்ந்தனுப்பினர்.

1985இல் சுமார் இருபது மான்கள் வூபேர்ணிலிருந்து சீனாவுக்குத் திரும்பின. அவை விடப்பட்ட இடம், அடிகளார் மதிலேறி நோக்கிய அதே நான்ஹாய்சி. மறு ஆண்டு 39 மான்கள் மஞ்சட் கடலோரத்துச் சேற்றுநிலமாகிய டாஃபெங்கிற்குக் கொண்டு செல்லப்பட்டன. 1998 முதல் அங்கே சில மான்கள் வேலியின்றித் திறந்த வெளியிலும் விடப்பட்டன. இன்று சீனாவில் இந்த மான்கள் பல ஆயிரமாகப் பெருகியுள்ளன. பெருகிய மந்தை அயற் கிராமங்களின் பயிரை மேய்வதும் நிகழ்கிறது. மானைக் காப்பவர்கள் இப்போது கமக்காரனோடும் பேசவேண்டியவர்களாக இருக்கின்றனர்.

அது நல்ல அறிகுறியே. காட்டு விலங்கு நிலைத்து வாழ வேண்டுமாயின் அதன் அயலில் வாழும் ஏழையும் வாழ வேண்டும். அவனுடைய வயலுக்கும் வயிற்றுக்கும் வழி காட்டாத பாதுகாப்பு, அடுத்த வெள்ளம் வரும்வரைதான் நிற்கும். 2015ஆம் ஆண்டில் மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ் வெளியிட்ட சுற்றுமடல் இதையே போதித்தது. பூமியின் அழுகுரலையும் ஏழையின் அழுகுரலையும் சேர்த்தே கேட்க வேண்டும் என்று அவர் கற்பித்தார். நம்மால் அழிந்துபோகும் ஒவ்வோர் இனமும் இறைவனுக்கு மகிமை செலுத்துவதை நிறுத்திவிடுகிறது என்றும் நினைவூட்டினார். நூற்று நாற்பது ஆண்டுகளுக்கு முன்னர் தாவீது அடிகளாரை வருத்திய எண்ணமும் இதுவே.

அந்தக் குருவானவர் அரச மதிலை இடிக்கவில்லை. மந்தையைக் காக்கும் அதிகாரமும் அவரிடம் இருக்கவில்லை. உற்று நோக்கினார், குறித்து வைத்தார், பிறருக்கு அறிவித்தார். அறியப்பட்டதனால் அந்த மான் தேடப்பட்டது. தேடப்பட்டதனாற் பல இடங்களுக்குப் போயிற்று. பல இடங்களில் இருந்ததனால் ஓரிடத்தில் அழிந்தபோதும் பிழைத்தது. எஸ்பலெற் கிராமத்தில் ஒரு தந்தை தம் மகனுக்குப் பறவைகளின் பெயர் சொல்லிக் கொடுத்ததில் இவையெல்லாம் தொடங்கின. நம் வீட்டு வேலியில் வந்தமரும் குருவியின் பெயரை நம் பிள்ளைகள் அறிவார்களா? பெயர் தெரியாத ஒன்றின்மேல் அன்பு வைப்பது கடினம். வருகிற ஞாயிறு திருப்பலி முடிந்து வீடு திரும்பும் வழியில் பெற்றோர் அதைத் தொடங்கலாம்.